ரயிலுக்குப் பதிலாக ஒரு பஸ்

மூடுவிழாவுக்கு நாள் குறித்தாகிவிட்டது. 1966, ஜனவரி 3. அன்றைக்குக் காலையிலிருந்து இந்தப் பாதையில் ரயில் கிடையாது என்று நோட்டீஸ் ஒட்டியாகிவிட்டது. ரயில் ரசிகர்கள் கடைசி வண்டியில் ஏறி அழுவதற்குக்கூடத் தயாராகிவிட்டார்கள்.

ஆனால் ரயில் ஓடியது. மறுநாளும் ஓடியது. அந்த மாதம் முழுக்க ஓடியது. காரணம் ரொம்ப சிம்பிள். பஸ் வரவில்லை.

இங்கிலாந்தின் தென்மேற்கில் பாத் நகரத்திலிருந்து மெண்டிப் மலைகளைத் தாண்டி, கடலோரத்து போர்ன்மத் வரைக்கும் போகிற பாதை அது. சோமர்செட் அண்ட் டோர்செட் என்று பெயர். சுருக்கமாக எஸ் அண்ட் டி. 'ஸ்லோ அண்ட் டர்ட்டி' என்று கிண்டல் செய்வார்கள். ஆனாலும் அதன்மேல் ஊருக்கே ஒரு பாசம். நஷ்டத்தில் ஓடுகிறது, மூடு என்று அரசாங்கம் சொல்லிவிட்டது. மூட வேண்டுமானால் சட்டப்படி ஒரு நிபந்தனை: ரயிலை நம்பியிருந்த ஜனங்களுக்கு மாற்று பஸ் விடவேண்டும். அந்த பஸ்களை ஓட்ட முன்வந்தவர்களில் ஒருவர் கடைசி நேரத்தில் விண்ணப்பத்தை வாபஸ் வாங்கிக்கொண்டார். பஸ் இல்லாமல் ரயிலை நிறுத்த முடியாது. நிறுத்துவதாக அறிவித்துவிட்டு முழுசாக ஓட்டவும் மனசில்லை. ஒப்புக்கு ஒரு தற்காலிக அட்டவணை போட்டு இரண்டு மாதம் தள்ளினார்கள். மார்ச் 7-ம் தேதிதான் பாதை ஒருவழியாக மூடப்பட்டது.

ரயிலையே நிறுத்திவைக்கிற அளவுக்கு அந்த பஸ்ஸுக்கு என்ன முக்கியத்துவம்? அது எங்கிருந்து வந்தது, எத்தனை நாள் ஓடியது, எங்கே போய்த் தொலைந்தது? பிரிட்டிஷ் ரயில்வேயின் நவீன சரித்திரத்தில் பெரும்பாதி இந்த பஸ்ஸின் கதைதான்.

முதலில் பணத்தைப் பார்த்துவிடலாம். நான் படித்தது பி.காம். எனக்கு அங்கேதான் ஆரம்பிக்க வரும்.

பிரிட்டனில் ரயில்வே முழுசாக அரசாங்கத்தின் கைக்கு வந்தது 1948-ல். யுத்தத்தில் தேய்ந்துபோன தண்டவாளம், புகை கக்கும் எஞ்சின்கள். 1955-ல் ஒரு நவீனமயத் திட்டம் போட்டார்கள். 124 கோடி பவுண்டு. கொட்டினார்கள். லாபம் வரும் என்று சொன்னார்கள். வரவில்லை. 1962-ல் நஷ்டம் மட்டும் 10 கோடியே 40 லட்சம் பவுண்டு. இதற்கிடையில் ஆளாளுக்கு கார் வாங்க ஆரம்பித்திருந்தார்கள். 1959-ல் எம்-1 நெடுஞ்சாலை திறந்தாகிவிட்டது. கோதுமையும் ஆட்டுக்குட்டியும் லாரி ஏறிவிட்டன.

அப்போது போக்குவரத்து அமைச்சர் எர்னஸ்ட் மார்பிள்ஸ். இவர் சாதாரண ஆளில்லை. மார்பிள்ஸ் ரிட்ஜ்வே என்கிற கம்பெனியின் பங்குதாரர். என்ன கம்பெனி? சாலை, பாலம் கட்டுகிற கம்பெனி! ரயில்வேயின் தலையெழுத்தை எழுத வேண்டிய பேனா, ரோடு போடுகிறவர் கையில். நாடாளுமன்றத்தில் கேள்வி வந்ததும் பங்குகளை விற்றுவிடுகிறேன் என்றார். விற்கவும் செய்தார். வாங்கியது அவருடைய மனைவி என்பது பிறகு வந்த செய்தி.

(பின்னாளில், 1975-ல், வரிப் பிரச்னையில் மாட்டி மார்பிள்ஸ் மொனாக்கோவுக்கு ஓடிப்போனார். எதில் போனார் தெரியுமா? 'நைட் ஃபெர்ரி' என்கிற ராத்திரி ரயிலில். ஒரு பத்திரிகையாளர் எழுதி வைத்திருக்கிறார்.)

மார்பிள்ஸ் கொண்டுவந்த ஆள்தான் டாக்டர் ரிச்சர்ட் பீச்சிங். டாக்டர் என்றால் ஊசி போடுகிற டாக்டர் இல்லை. இயற்பியலில் பிஹெச்.டி. டூலக்ஸ் பெயிண்ட் விற்ற ஐ.சி.ஐ. கம்பெனியில் டைரக்டர். ஐ.சி.ஐ. கொடுத்த அதே சம்பளத்தைக் கொடுத்துத்தான் அழைத்து வந்தார்கள். வருடத்துக்கு 24 ஆயிரம் பவுண்டு. பிரதமர் மேக்மில்லனின் சம்பளமே 10 ஆயிரம்தான். ஊர் வாயைக் கேட்கவேண்டுமா? பீச்சிங் சட்டை செய்யவில்லை. கணக்கைக் கொண்டா என்றார்.

கொண்டுவந்தார்கள். 1961 ஏப்ரலில் ஒரு வாரம் தேர்ந்தெடுத்து, நாடு முழுக்க எந்த வண்டியில் எத்தனை பேர், எந்த ஸ்டேஷனில் எவ்வளவு வசூல் என்று எண்ணினார்கள். வந்த விடை பயங்கரமாக இருந்தது. மொத்த ஸ்டேஷன்களில் பாதி, மொத்த வருமானத்தில் 2 சதவிகிதம்தான் தருகின்றன. மொத்தப் பாதையில் மூன்றில் ஒரு பங்கில் பயணம் செய்கிறவர்கள் 1 சதவிகிதம். தெட்ஃபோர்டிலிருந்து ஸ்வாஃபம் போகிற கிளைப் பாதையில் தினம் ஐந்து வண்டி போய், ஐந்து வண்டி திரும்பி வருகிறது. சராசரியாக ஒரு வண்டியில் ஒன்பது பேர். டிக்கெட் காசு, செலவில் பத்தில் ஒரு பங்கைக்கூட ஒழுங்காகத் தாண்டாது. ஸ்காட்லாந்தில் க்ளெனீகிள்ஸ் - காம்ரி பாதையில் வண்டிக்கு ஐந்து பேர். ஐந்தே பேர்!

இந்த மாதிரிப் பாதைகளைக் காப்பாற்ற வழியில்லை. அதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். பீச்சிங்கை வில்லனாக்கி அம்பு விடுவது அங்கே ஐம்பது அறுபது வருடமாக நடக்கிற விளையாட்டு. அவர் காட்டிய வியாதி நிஜம். கொடுத்த மருந்தில்தான் கோளாறு.

1963, மார்ச் 27. அறிக்கை வெளியானது. 2,363 ஸ்டேஷன்களை மூடு. ஐயாயிரம் மைல் பாதையைக் கைவிடு. சரி, அங்கே இருக்கிற ஜனங்கள் என்ன செய்வார்கள்? அதற்கும் அறிக்கையில் பதில் இருந்தது. வடக்கு ஸ்காட்லாந்தையும் வேல்ஸில் சில பகுதிகளையும் தவிர, மற்ற எல்லா இடத்திலும் ஏற்கெனவே ரயிலைவிட அடர்த்தியாக பஸ் ஓடிக்கொண்டிருக்கிறது. பஸ் ரூட்டைக் காட்டும் மேப்கூட அறிக்கையோடு இணைத்திருந்தார். ஆகவே, பஸ்ஸில் போகட்டும்.

மேப்பில் பார்த்தால் சரிதான். ஆனால் மேப்பில் எதெல்லாம் தெரியாது? பஸ் ஊரை விட்டு ஊருக்குப் போகிறதே தவிர, ஸ்டேஷனுக்குப் போகிறதா என்பது தெரியாது. ரயில் இருபது நிமிஷம் லேட்டானால் பஸ் டிரைவர் காத்திருப்பாரா என்பது தெரியாது. குழந்தையின் தள்ளுவண்டியை எங்கே ஏற்றுவது, நாலு பெட்டியை எங்கே வைப்பது என்பது தெரியாது. மழையில் எங்கே நிற்பது என்பது நிச்சயமாகத் தெரியாது. ஸ்டேஷன் என்றால் கூரை உண்டு, பெஞ்சு உண்டு, குளிருக்குக் கணப்பு உண்டு. பஸ் ஸ்டாப்பில் ஒரு கம்பம் உண்டு.

சில ஊர்களுக்கு பஸ் பிரச்னையே இல்லை. ஏனென்றால் ரோடே இல்லை! ஸ்காட்லாந்தின் எல்லையோரத்தில் ரிக்கார்ட்டன் ஜங்ஷன் என்று ஒரு ஊர். ரயில்வேக்காகவே உருவான ஊர். பள்ளிக்கூடம் உண்டு, கூட்டுறவுக் கடை உண்டு. அந்தக் கடை இருந்ததே பிளாட்பாரத்தில்தான். ஊரை விட்டு வெளியே போக ரயிலை விட்டால் வழியில்லை. 1960களில் வனத்துறை ஒரு மண் பாதை வெட்டுகிற வரைக்கும் அதுதான் நிலைமை. இப்போது அங்கே ஊரும் இல்லை.

சட்டம் என்ன சொன்னது? 1962-ல் வந்த போக்குவரத்துச் சட்டப்படி, ஒரு பாதையை மூடப்போவதாக அறிவித்ததும் ஜனங்கள் ஆட்சேபணை தெரிவிக்கலாம். அதை விசாரிக்கப் பயணிகள் சார்பில் ஒரு ஆலோசனைக் குழு. குழு கூடும். டவுன் ஹாலில் கூட்டம் பொங்கி வழியும். ஒருவர் எழுந்து, 'ரயில்வே காட்டும் நஷ்டக் கணக்கே தப்பு, நான் நிரூபிக்கிறேன்' என்பார். உட்காருங்கள் என்று சொல்லிவிடுவார்கள். ஏனென்றால் கணக்கைப் பற்றிப் பேச அந்தக் குழுவுக்கு அதிகாரமே கிடையாது. ரயில் நின்றால் யாருக்கு என்ன கஷ்டம், அதை மட்டும்தான் பேசலாம். பெரும்பாலும் கஷ்டம் என்று ஒப்புக்கொள்வார்கள். அமைச்சர் கையெழுத்துப் போடும்போது, 'இன்னின்ன பஸ் விடவேண்டும்' என்று ஒரு நிபந்தனை சேர்ப்பார். கஷ்டம் தீர்ந்தது. காகிதத்தில்.

அந்த பஸ்ஸுக்கு நஷ்ட ஈடு தருவது யார்? ரயில்வே! நஷ்டம் தாங்காமல் ரயிலை நிறுத்திவிட்டு, நஷ்டத்தில் ஓடும் பஸ்ஸுக்குப் படி அளந்தது ரயில்வே. எத்தனை நாளைக்கு அளக்கும்? பஸ் மெதுவாகப் போனது. ரயில் நேரத்துக்கும் அதற்கும் ஒத்துவரவில்லை. காலியாக ஓடியது. காலியாக ஓடுகிறதே என்று காட்டி அதையும் நிறுத்தினார்கள். ஊருக்கு ஊர் கொஞ்சம் முன்னே பின்னே இருக்கலாம். ஆனால் பெரும்பாலான மாற்று பஸ்கள் சில வருடங்களுக்குள் காணாமல் போய்விட்டன.

இப்போது கணக்கில் எங்கே இடித்தது என்று பார்க்கலாம். என் சப்ஜெக்ட் என்பதால் கொஞ்சம் நின்று நிதானமாகச் சொல்கிறேன்.

கார்ன்வால் கடலோரத்தில் லூ என்று ஒரு குட்டி ஊர். மெயின் லைனில் லிஸ்கர்ட் ஜங்ஷனில் இறங்கி, எட்டு மைல் சொச்சம் ஓடும் கிளைப் பாதையில் போகவேண்டும். லண்டனில் ஒரு குடும்பம் கோடை விடுமுறைக்கு லூவுக்குக் கிளம்புகிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். டிக்கெட்டை எங்கே வாங்குவார்கள்? லண்டனில். போக, வர, இரண்டுக்கும் சேர்த்து. பணம் விழுவது லண்டன் ஸ்டேஷன் பெட்டியில். லூ ஸ்டேஷன் பேரேட்டில் வரவு பூஜ்யம். ஆனால் லூ ஸ்டேஷன் மாஸ்டர் சம்பளம், சிக்னல்காரர் சம்பளம், தண்டவாளப் பராமரிப்பு எல்லாம் லூ பக்கத்துப் பற்று. லூவுக்கு ரயில் இல்லையென்றால் அந்தக் குடும்பம் லண்டனிலேயே டிக்கெட் வாங்கியிருக்காது. இதை ஸ்டேஷன் வாரியான வசூல் கணக்கு எப்படிச் சொல்லும்? போதாக்குறைக்கு எண்ணியது ஏப்ரலில் ஒரு வாரம். ஏப்ரலில் இங்கிலாந்துக் கடலில் எவன் குளிப்பான்?

பீச்சிங் முட்டாளில்லை. கிளைப் பாதைகளால் மெயின் லைனுக்குக் கிடைக்கிற வருமானம் என்று ஒரு பத்தி போட்டு எழுதத்தான் செய்தார். ஆனால் கிளையை வெட்டினால் அந்த வருமானத்தில் பெரும்பகுதி போய்விடாது என்று முடிவு கட்டினார். எப்படி? கிளை இல்லாவிட்டால் ஜனங்கள் பஸ்ஸிலோ காரிலோ பக்கத்து ஜங்ஷனுக்கு வந்து மெயின் லைன் ரயிலைப் பிடிப்பார்கள் என்று நம்பினார்.

அந்த ஒரு நம்பிக்கையின்மேல்தான் மொத்த அறிக்கையும் நின்றது. விழுந்ததும் அங்கேதான். இருபது மைல் காரை ஓட்டிக்கொண்டு ஜங்ஷனுக்கு வருகிறவன், காரை அங்கே நிறுத்திவிட்டு ரயில் ஏறுவானா? அப்படியே நேராக லண்டனுக்கு மிதிப்பானா? மிதித்தான். கார் இல்லாதவன் பஸ்ஸுக்குக் காத்திருந்து, பஸ்ஸை விட்டு இறங்கி ரயிலுக்குக் காத்திருந்து, இரண்டு தடவை பட்டபிறகு பயணத்தையே குறைத்துக்கொண்டான். அல்லது கடன் வாங்கி ஒரு பழைய காரைப் பிடித்தான். மூடப்பட்ட பாதைகளை ஒட்டி வாழ்ந்தவர்களிடம் நேரில் போய் விசாரித்து மேயர் ஹில்மனும் ஆன் வாலியும் 1980-ல் வெளியிட்ட ஆய்வு கிட்டத்தட்ட இதைத்தான் சொன்னது. மாற்று பஸ்ஸுக்கு மாறியவர்கள் குறைச்சல்.

ஆக, கிளையோடு சேர்த்து, அது கொண்டுவந்து கொட்டிய பயணிகளும் போனார்கள். கிளையை வெட்டினால் மரம் நிமிரும் என்றார்கள். 1968-லும் ரயில்வேயின் வருடாந்தர நஷ்டம் 10 கோடி பவுண்டுக்கு மேல்தான்.

வேறு வழியே இல்லையா என்றால், இருந்தது. ஜெரார்ட் ஃபின்ஸ் என்று ஒரு ரயில்வே அதிகாரி. கிழக்கு மண்டலத்தின் பொது மேலாளர். அவர் சொன்ன யோசனை இதுதான்: சின்ன ஸ்டேஷனில் டிக்கெட் கொடுக்க ஒரு ஆள், வாங்க ஒரு ஆள், கேட் மூட ஒரு ஆள் எதற்கு? டிக்கெட்டை வண்டிக்குள்ளேயே கார்டு கொடுக்கட்டும், பஸ் கண்டக்டர் மாதிரி. கேட் தானாக மூடிக்கொள்ளட்டும். பாதையை மூடாதே, செலவை மூடு. இப்ஸ்விச் - லோவஸ்டாஃப்ட் பாதையில் அதைச் செய்தும் காட்டினார்கள். ரயிலுக்குப் பதில் பஸ் விடுவதைவிட, பஸ்ஸைப் பார்த்து ரயில் கொஞ்சம் கற்றுக்கொண்டால் போதும் என்பது எவ்வளவு அழகான யோசனை! அந்தப் பாதை இன்றைக்கும் ஓடுகிறது. ஃபின்ஸ் என்ன ஆனார்? தன் அனுபவங்களை 1967-ல் புத்தகமாக எழுதினார். வேலையை விட்டுத் தூக்கிவிட்டார்கள்.

லூவும் தப்பித்தது. மூடுவதற்கு இரண்டே வாரம் இருக்கும்போது, 1966-ல், அப்போதைய அமைச்சர் பார்பரா காசில் குறுக்கே விழுந்து தடுத்தார். வளைந்து வளைந்து போகும் அந்தக் குறுகலான சாலைகளில் விடுமுறைக் கூட்டத்தை இறக்கிவிட்டால் என்னாகும் என்று அவருக்குப் புரிந்தது. பக்கத்திலிருந்த செயின்ட் ஐவ்ஸ் கிளைப் பாதையும் அதே கையெழுத்தில் பிழைத்தது. 1968-ல், லாபம் தராவிட்டாலும் சமூகத்துக்குத் தேவையான பாதைகளுக்கு அரசு மானியம் என்று சட்டமே கொண்டுவந்தார் காசில். ஆனால் அவரை ரட்சகியாக்கிவிட வேண்டாம். பெரிய மூடுவிழாக்களை நிறுத்துவோம் என்று சொல்லி 1964 தேர்தலில் ஜெயித்த லேபர் கட்சிதான் மூடுவதைத் தொடர்ந்தது. காசிலும் நிறையக் கையெழுத்துப் போட்டார். அவருக்கு அடுத்து வந்த ரிச்சர்ட் மார்ஷ் போட்ட கையெழுத்துதான் ஸ்காட்லாந்து எல்லையோர மக்களுக்கு இன்றைக்கும் ஆறாத புண்.

எடின்பரோவிலிருந்து கார்லைல் வரைக்கும் 98 மைல். வேவர்லி பாதை என்று பெயர். நடுவில் காலாஷீல்ஸ், ஹாயிக் என்று கம்பளித் துணி ஆலைகள் நிறைந்த ஊர்கள். கிளைப் பாதையெல்லாம் இல்லை இது. ராத்திரி லண்டன் எக்ஸ்பிரஸ் போகிற மெயின் லைன். அதையும் மூடு என்றார்கள். ஹாயிக்கைச் சேர்ந்த மேட்ஜ் எலியட் என்கிற குடும்பத்தலைவி வீடு வீடாக ஏறி இறங்கி, 11,678 கையெழுத்து வாங்கி, 1968 டிசம்பரில் லண்டனுக்குப் போய்ப் பிரதமர் வாசலில் கொடுத்துவிட்டு வந்தார். ம்ஹூம்.

1969, ஜனவரி 5. ஞாயிற்றுக்கிழமை ராத்திரி. லண்டன் போகும் கடைசி வண்டி எடின்பரோவிலிருந்து கிளம்பியது. தொகுதி எம்.பி. டேவிட் ஸ்டீல் அதில் பயணம் செய்தார். நடு ராத்திரி தாண்டி நியூகாஸில்டன் என்கிற கிராமத்துக்கு வந்தால், லெவல் கிராசிங் கேட் பூட்டிக் கிடக்கிறது. தண்டவாளத்தின்மேல் ஊரே நிற்கிறது. தலைமை தாங்குவது யார்? சர்ச் பாதிரியார் பிரைடன் மேபன்! போலீஸ் வந்தது. பாதிரியாரைக் கைது செய்தது. கூட்டம் இன்னும் முறுக்கிக்கொண்டது. கடைசியில் எம்.பி. வண்டியிலிருந்து இறங்கி வந்து பஞ்சாயத்துப் பேசினார். பாதிரியாரை விட்டுவிடுங்கள், இவர்கள் வழியை விடுவார்கள். விட்டார்கள். ரயில் போயிற்று. மறுநாளிலிருந்து பஸ்.

பஸ் போனது. ஒப்புக்குக் கொஞ்சநாள் ஓடி நின்றுபோன ரகம் இல்லை அது. இன்றுவரை ஓடுகிறது. ஆனால் ரயிலைவிட நேரம் அதிகம் பிடிக்கும். மலைப் பாதை, பனிக்காலம். ஆலைகள் ஒவ்வொன்றாக நலிந்தன. எல்லாவற்றுக்கும் ரயில் இல்லாததுதான் காரணம் என்று சொல்வது மிகை. அதுவும் ஒரு காரணம்.

பஸ்மீது எனக்குக் கோபம் எதுவும் இல்லை. கேம்பிரிட்ஜிலிருந்து இன்னொரு செயின்ட் ஐவ்ஸுக்கு, கார்ன்வால் ஊர் இல்லை, இது வேறு, ஒரு ரயில் பாதை இருந்தது. 1970-ல் பயணிகள் வண்டியை நிறுத்தினார்கள். அந்தப் பழைய தடத்தின்மேலேயே கான்கிரீட் வழி போட்டு, பஸ் மட்டும் போகிற தனிப்பாதையாக 2011-ல் திறந்தார்கள். கார் குறுக்கே வராது. நேரத்துக்கு வருகிறது. கூட்டம் அள்ளுகிறது. ரயிலுக்குக் கொடுத்த மரியாதையை பஸ்ஸுக்கும் கொடுத்தால் பஸ்ஸும் அந்த வேலையைச் செய்யும். 1960களில் அந்த மரியாதையை யாரும் கொடுக்கவில்லை. 1986-ல் லண்டனுக்கு வெளியே பஸ் சேவையைத் தனியாரின் திறந்த போட்டிக்கு விட்டபிறகு நிலைமை இன்னும் மோசம். ரயிலோடு நேரம் பொருந்த வேண்டும் என்று பஸ் முதலாளியை யார் கேட்பது? ரயில் டிக்கெட்டோடு சேர்த்து ஊருக்குள் பஸ்ஸிலும் போகிற மாதிரி 'பிளஸ்பஸ்' என்கிற கூட்டு டிக்கெட், நாடு தழுவிய அளவில் வந்தது 2002-ல்தான். பீச்சிங் அறிக்கைக்கு 39 வருடம் கழித்து.

மூடியவை சில இப்போது திரும்ப வருகின்றன. ஓக்ஹாம்டன் 2021-ல். 1964-லிருந்து பயணிகள் ரயிலையே பார்க்காத ஆஷிங்டன் 2024 டிசம்பரில். எல்லாவற்றுக்கும் முன்னால், 2015 செப்டம்பரில், வேவர்லி பாதையில் எடின்பரோ பக்கத்துத் துண்டு மட்டும். ஏறக்குறைய 30 கோடி பவுண்டு செலவழித்துப் புதுசாகத் தண்டவாளம் போட்டார்கள். முதல் வருடத்திலேயே 10 லட்சத்துக்கு மேல் பயணங்கள்.

அந்த ரயில் காலாஷீல்ஸ் தாண்டி ட்வீட்பேங்க் என்கிற இடத்தில் நின்றுவிடுகிறது. மேட்ஜ் எலியட்டின் ஹாயிக்குக்குப் போகவில்லை. கார்லைல் வரை நீட்டுவது சாத்தியமா என்று ஆராய்வதற்கு மட்டும் 2021-ல் போட்ட ஒப்பந்தத்தில் ஒரு கோடி பவுண்டு வரை ஒதுக்கியிருக்கிறார்கள். அதுவரைக்கும் ஹாயிக்காரர்கள் எக்ஸ்95 பஸ்ஸில் ஏறி காலாஷீல்ஸ் வருகிறார்கள். அங்கே ரயில் நிலையத்துக்குப் பக்கத்திலேயே ஒரு பஸ் நிலையம் கட்டியிருக்கிறார்கள். கூரை இருக்கிறது. உட்கார இடம் இருக்கிறது. இறங்கி நடந்தால் ரயில்.